பதினாறு நாள் எங்கே படுத்தாய்?

பேரணாம்பட்டுப் பூங்காவனத்தைப் பற்றி எழுத உட்கார்ந்தால் எனக்கு முதலில் கோபம்தான் வருகிறது. ஆறட்டும் என்று மூன்று வருஷம் காத்துப் பார்த்தேன். ஆறவில்லை. இனிமேலும் ஆறாது என்று தெரிந்துபோனதால் கோபத்தோடேயே எழுதிவிடுகிறேன். படிக்கிறவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். பொறுத்துக்கொள்ளாவிட்டாலும் எனக்கு ஒன்றுமில்லை.

நான் வேலூரில் வக்கீல் சாமிநாதனிடம் குமாஸ்தா. பேர் கங்காதரன். இருபது வருஷமாக மனு எழுதி, நகல் எடுத்து, கோர்ட் வராந்தாவில் நின்று நின்று கால் வீங்கினவன். வரப்புச் சண்டை, பங்காளிச் சண்டை, பொய்க் கையெழுத்து என்று எத்தனையோ பார்த்தாயிற்று. வரும், போகும், மறந்தும் போகும். பூங்காவனத்தின் கேஸ் மட்டும் தொண்டையில் மீன் முள் மாதிரி நிற்கிறது.

அவள் பீடி சுற்றுகிறவள். பேரணாம்பட்டில் ஆண்கள் தோல் பதனிடும் ஷாப்புக்கு வேலைக்குப் போவார்கள், பெண்கள் மடியில் முறத்தை வைத்துக்கொண்டு பீடி சுற்றுவார்கள். இந்து வீடு, முஸ்லிம் வீடு என்று இதில் வித்தியாசம் கிடையாது. பூங்காவனம் பத்து வயசில் முறம் எடுத்தவள். இலையை ஈரத்துணியில் சுற்றி வைத்து, அளவாகக் கத்தரித்து, தூள் வைத்து உருட்டி, நூல் கட்டி ஒரு கட்டு முடிப்பதற்குள் பக்கத்தில் இருப்பவளோடு ஒரு ஊர்க்கதையையும் முடித்துவிடுவாளாம். சிரித்தால் தெருமுனை வரைக்கும் கேட்குமாம். அந்தச் சிரிப்பை நான் கேட்டதில்லை. அவளோடு சின்ன வயசிலிருந்து சேர்ந்து பீடி சுற்றிய ஜஹீருன்னிசா சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

ஐம்பத்து மூன்றில் அவளுக்குக் கல்யாணம். மாப்பிள்ளை பக்தவச்சலம், ஆம்பூரில் ஒரு தோல் ஷாப்பில் மேஸ்திரி. ஆம்பூரை ஒட்டிப் பாலாற்றங்கரையில் சொந்த வீடு. அம்மா கெங்கம்மாள் கூட இருந்தாள். அக்கா செல்லம்மாளை வாணியம்பாடிப் பக்கம் கட்டிக்கொடுத்திருந்தது. நாற்பது பேரை அதட்டி வேலை வாங்குகிற மாப்பிள்ளை என்று பூங்காவனத்தின் அப்பாவுக்குப் பெருமை. அந்த நாற்பது பேருக்கும் சாயங்காலம் சங்கு ஊதினால் விடுதலை உண்டு, நாற்பத்தோராவது ஆளாகப் போகிற தன் பெண்ணுக்கு அது கிடையாது என்று அந்த மனுஷனுக்குத் தோன்றவில்லை. பாவம், அவரும் போய்விட்டார். செத்தவரைத் திட்டி என்ன பிரயோசனம்.

மேஸ்திரி பெண்டாட்டி பீடி சுற்றுவதா என்பது பக்தவச்சலத்தின் கட்சி. ஆறு வருஷம் அவள் முறத்தைத் தொடவில்லை. குழந்தையும் இல்லை. அவன் வேலைக்குப் போனபிறகு நாள் முழுக்கச் சுவரைப் பார்த்துக்கொண்டிருக்க முடியாமல், பக்கத்துத் தெருவிலிருந்து இலையும் தூளும் வாங்கிவந்து மாமியாருக்கு மட்டும் தெரிந்து சுற்ற ஆரம்பித்தாள். ஒரு நாள் மத்தியானம் ஷாப்பில் தண்ணீர் நின்றுபோய் அவன் சீக்கிரம் வந்துவிட்டான். முறத்தைப் பார்த்தான். சத்தம் போடவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து அவளுடைய இடது கைக் கட்டைவிரலைப் பிடித்துப் பின்பக்கமாக மடக்கி ஒடித்தான். "இனிமே சுத்து, பாக்கலாம்" என்றானாம். பிறகு சோறு போடச் சொல்லிச் சாப்பிட்டானாம். இதை அவள் எங்கள் ஆபீஸில் சொன்னபோது அழவில்லை.

கெங்கம்மாள் மகனை ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்கிற தைரியம் அவளுக்கு எப்போதும் இருந்ததில்லை. ஆனால் மறுநாள் விடிந்ததும் மருமகளைச் சித்தூர் பஸ்ஸில் ஏற்றிப் புத்தூருக்குக் கூட்டிப்போனாள். எங்கள் பக்கத்தில் எலும்பு முறிந்தால் எல்லோரும் போவது புத்தூர்தான். முட்டை வெள்ளைக்கரு, பச்சிலை, மூங்கில் பத்தை வைத்துக் கட்டிவிடுவார்கள். ஆஸ்பத்திரிக்குப் போனால் கையை வெட்டிவிடுவார்கள் என்று படித்தவர்களே நம்புகிற ஊர் இது. விரல் கூடிவிட்டது, கொஞ்சம் கோணலாக. மூன்று மாதம் கழித்து ஒரு நாள் அவன் வலது கைக் கட்டைவிரலைப் பிடித்து, ஒடிக்காமல், சும்மா அழுத்திப் பார்த்துவிட்டுச் சிரித்தான். அன்றைக்கே அவள் பேரணாம்பட்டு பஸ் ஏறிவிட்டாள். ஜஹீருன்னிசா வீட்டுப் பின்கட்டு அறையில் குடியிருந்துகொண்டு மறுபடி முறம் எடுத்தாள். கோணல் விரலோடு பழைய வேகம் வரவில்லை, பழைய பேச்சும் வரவில்லை என்று ஜஹீருன்னிசா சொன்னாள்.

பஞ்சாயத்து ரெண்டு தடவை வந்தது. அவள் போகவில்லை. அறுபதில் கோர்ட்டிலிருந்து நோட்டீஸ் வந்தது. இந்துக் கல்யாணச் சட்டம், ஒன்பதாவது பிரிவு. நியாயமான காரணம் இல்லாமல் பிரிந்துபோன மனைவி தன்னோடு வந்து வாழ வேண்டுமென்று உத்தரவு போடுங்கள் என்று புருஷன் கேட்கலாம். புருஷன் மேல் மனைவியும் கேட்கலாம், சட்டம் ரெண்டு பேருக்கும் சமம். சமம்தான், கட்டைவிரல் எந்தப் பக்கம் ஒடிந்திருக்கிறது என்று பார்க்காதவரைக்கும். மனைவியின் அன்பும் துணையும் இல்லாமல் மனுதாரர் மிகுந்த மனவேதனையில் இருக்கிறார் என்று மனுவில் எழுதியிருந்தது. ஆடு நனைகிறதே என்று ஓநாய் அழுத கதை.

நாங்கள் விரலைக் காட்டினோம். அவன் தரப்பில், கிணற்றடிப் பாசியில் வழுக்கி விழுந்தாள் என்றார்கள். ஜட்ஜ் டாக்டர் சர்டிபிகேட் கேட்டார். புத்தூரில் கட்டுப் போட்டதற்கு எவன் சர்டிபிகேட் கொடுப்பான்? ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தால் ஒரு காகிதமாவது இருந்திருக்கும். மாமியாரைச் சாட்சிக்குக் கூப்பிடலாமா என்று சாமிநாதன் சார் கேட்டார். பூங்காவனம் வேண்டாம் என்றுவிட்டாள். மகனுக்கு எதிராக நின்றால் அப்புறம் அந்தக் கிழவிக்குக் கஞ்சி ஊற்ற ஆள் இல்லை என்றாள். அறுபத்திரண்டு பிப்ரவரியில் தீர்ப்பு வந்தது. விரலை ஒடித்தது நிரூபணமாகவில்லை, குடும்பம் என்றால் சச்சரவு இருக்கத்தான் செய்யும், மனைவி கணவன் வீட்டுக்குத் திரும்ப வேண்டும்.

தீர்ப்பை நான்தான் அவளுக்குத் தமிழில் சொன்னேன். போலீஸ் வந்து இழுத்துப்போகுமா என்று கேட்டாள். போகாது, உடம்பை யாரும் பிடித்துக் கொண்டுபோய் விட முடியாது, உத்தரவுக்குப் பணியாவிட்டால் சொத்தைத்தான் ஜப்தி செய்வார்கள் என்றேன். என்கிட்ட இன்னா சொத்து இருக்குது என்று கேட்டாள். எனக்கே அப்போது அப்படித்தான் தோன்றியது. மேஸ்திரிக்கு அது போதவில்லை. ஆறு மாதத்தில் கோர்ட் அமீனா ஒரு சிப்பந்தியோடு பேரணாம்பட்டு வந்து, தெருவே கூடி நின்று பார்க்க, ஒரு பித்தளைத் தவலை, ரெண்டு சொம்பு, புடவை வைத்திருந்த தகரப் பெட்டி எல்லாவற்றையும் பட்டியல் போட்டு எடுத்துப்போனார். முறமும் கத்தரியும் தொழில் கருவி, அதைத் தொட முடியாது என்று சாமிநாதன் சார் முன்னாலேயே எழுதிக் கொடுத்திருந்ததால் அது மட்டும் தப்பியது. பெண்டாட்டி வரவில்லையா, தவலையை எடு. எந்த மகான் யோசித்த யோசனையோ. தவலை போனதும் ஓடோடி வந்து காலில் விழுவாள் என்று நினைத்தான் போலிருக்கிறது.

இதைவிட மோசமான ஒன்று சட்டத்தில் இருந்தது. அந்த உத்தரவுக்குப் பணியாமல் ரெண்டு வருஷம் போய்விட்டால் விவாகரத்து கேட்கலாம். ஆனால் கேட்கிற உரிமை உத்தரவு வாங்கினவனுக்கு மட்டும்தான். அவளுக்குக் கிடையாது. இதைச் சொன்னதும் பூங்காவனம் என்னை ஏதோ நானே எழுதின சட்டம் மாதிரி முறைத்துப் பார்த்தாள். "அப்ப அவன் சாவற வரைக்கும் நான் அவன் பொண்டாட்டியா?" என்று கேட்டாள். அவன் கேட்டால் ஒழிய, ஆமாம் என்றேன்.

அவன் கேட்க மாட்டான் என்பது ஊருக்கே தெரியும். நான் விட்டால்தான் அவள் போக வேண்டும், நான் விடப்போவதில்லை என்று ஆம்பூர் டீக்கடையில் உட்கார்ந்து சொல்லிக்கொண்டிருந்தான். வைக்கோல் போரில் படுத்த நாய், தானும் தின்னாது, மாட்டையும் தின்னவிடாது. அவளுக்கு வேறு கல்யாண ஆசை ஒன்றும் இருக்கவில்லை. எந்த நேரமும் ஒருத்தன் காகிதத்தைக் காட்டி இவள் என் சொத்து என்று வாசலில் வந்து நிற்கலாம் என்கிற நிலைமை போக வேண்டும், அவ்வளவுதான் அவள் கேட்டது. அமீனா எப்போது வருவானோ என்று பஸ் சத்தம் கேட்டாலே கை நின்றுபோகிறது சார் என்று ஒரு தடவை சொன்னாள்.

அறுபத்து மூன்று ஜூனில் கெங்கம்மாள் செத்துப்போனாள். சேதி பேரணாம்பட்டுக்கு வந்தது. அந்த வீட்டு வாசற்படியை எக்காரணம் கொண்டும் மிதிக்காதே என்று சாமிநாதன் சார் அவளுக்குப் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார். அவள் போய்விட்டாள். சும்மா போய் மாலை போட்டுவிட்டுத் திரும்பவில்லை, பதினாறு நாளும் இருந்து கருமாதி முடித்துவிட்டுத்தான் வந்தாள். ஒரே மருமகள். செத்தவள் உயிர் பிரிந்த இடத்தில் ஏற்றுகிற விளக்கைக் கருமாதி வரைக்கும் அணையாமல் பார்த்துக்கொள்ள வேண்டியது மருமகள்தான். இது எங்கள் பக்கத்தில் யாரும் சொல்லிக்கொடுக்காமலே எல்லோருக்கும் தெரிந்த முறை.

விஷயம் தெரிந்ததும் எனக்கு வந்த கோபத்தில் நான் அவளை முட்டாள் என்றே திட்டிவிட்டேன். எல்லோரும் சேர்ந்து உன்னை வெளியே இழுத்தால் நீயே போய் உள்ளே உட்காருகிறாயே என்றேன். அவள் கோபப்படவில்லை.

"புத்தூருக்கு என்னை இட்டுக்கினு போனவ சார் அவ. அவ சாவுக்குப் போவாம நான் இன்னா மனுஷி?"

அறுபத்து நான்கு கடைசியில் டெல்லியில் சட்டத்தைத் திருத்தினார்கள். சட்டப் பத்திரிகை வந்தபோது சாமிநாதன் சார் அதை எனக்கு உரக்கப் படித்துக் காட்டினார். இனிமேல் உத்தரவு வாங்கினவர் மட்டும் அல்ல, ரெண்டு பேரில் யார் வேண்டுமானாலும் கேட்கலாம். உத்தரவுக்குப் பிறகு ரெண்டு வருஷம் புருஷன் பெண்டாட்டி சேர்ந்து வாழவில்லை என்றால் போதும். அன்றைக்குச் சாயங்காலமே நான் பேரணாம்பட்டு பஸ் ஏறினேன். சேதியைக் கேட்டுவிட்டு அவள் கையிலிருந்த கட்டைச் சுற்றி முடித்தாள். அப்புறம் எங்க கையெழுத்து போடணும் என்று கேட்டாள்.

அறுபத்தைந்து மார்ச்சில் மனு போட்டோம். பக்தவச்சலத்தின் பதில் மனு வந்தது. மனைவி அறுபத்து மூன்று ஜூனிலேயே உத்தரவுக்குப் பணிந்து என் வீட்டுக்கு வந்துவிட்டாள், பதினாறு நாள் என்னோடு குடும்பம் நடத்தினாள், தாம்பத்திய உறவு ஏழாம் நாளிலிருந்து மறுபடி ஏற்பட்டது, ஆகவே அந்தப் பழைய உத்தரவு நிறைவேறிவிட்டது, அதை வைத்து இனி விவாகரத்து கேட்க முடியாது என்று எழுதியிருந்தான். ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணம் பண்ணலாம் என்பார்கள். செத்த தாயை வைத்து ஒரு பொய் சொல்லிக் கல்யாணத்தைப் பிடித்து வைக்கலாம் என்று கண்டுபிடித்தவன் இவன்தான்.

விசாரணை அறுபத்தாறில் நடந்தது. ஜட்ஜ் புதியவர். பூங்காவனம் கூண்டில் ஏறினாள். அவன் பக்கத்து வக்கீல் எழுந்ததும் கேட்ட முதல் கேள்வி, பதினாறு நாள் எங்கே படுத்தாய் என்பதுதான். என்ன வயசு, என்ன தொழில், ஒன்றும் கிடையாது. கூடத்தில் என்றாள். கூடத்தில் எந்தப் பக்கம்? கதவு உண்டா? கதவு சாத்தியிருந்ததா, திறந்திருந்ததா? புருஷன் எத்தனை முழம் தள்ளிப் படுத்திருந்தான்? அவன் எழுந்தால் உனக்குத் தெரியுமா, நீ தூங்குகிறவளா, தூங்காதவளா? பின்பக்கம் பெஞ்சில் உட்கார்ந்திருந்த நாலு பேர் சிரித்தார்கள். ஒரு பெண் மாமியாரின் சாவுக்குப் போனதற்கு இத்தனை கேள்வி. அவன் ஒடித்த விரலைப் பற்றி அன்றைக்கு ஒரு கேள்வி கூட இல்லை.

அவன் என்னைத் தொடவில்லை என்று அவள் மூன்று தடவை சொன்னாள். ஜட்ஜ் எழுதுவதை நிறுத்திவிட்டு, இதற்கு வேறு சாட்சி உண்டா என்று கேட்டார்.

"நான் சொல்றேனே ஐயா."

"உன்னைத் தவிர."

ஜட்ஜ் மறுபடி எழுத ஆரம்பித்தார். நடக்காத ஒன்றுக்குச் சாட்சி கொண்டுவா என்றால் எந்தக் கடையில் போய் வாங்குவது?

மத்தியானம் கோர்ட் கலைந்தபோது சாமிநாதன் சார் முகம் செத்துவிட்டது. வேப்பமரத்தடியில் நின்று, கேஸ் கையைவிட்டுப் போகிறது என்று என்னிடம் மெதுவாகச் சொன்னார். பூங்காவனத்துக்கு அது கேட்டுவிட்டது. அவள் நேராக அவரிடமே வந்தாள். கொள்ளி வைத்தவன் பதினாறு நாள் எப்படி இருக்க வேண்டும் என்று அவனையே கேளுங்கள் ஐயா என்றாள். சாமிநாதன் சார் பட்டணத்தில் படித்து வளர்ந்தவர். எதிர்க்கட்சிக்காரனை மடக்க நூறு சட்டப் புத்தகம் படித்தவருக்கு இது தோன்றவில்லை. எனக்கும் தோன்றவில்லை, போன வருஷம்தான் என் அப்பாவுக்கு நானே கொள்ளி வைத்திருந்தேன். பெண்புத்தி பின்புத்தி என்று சொன்னவனை அன்றைக்கு அந்த மரத்தடியில் நிறுத்தியிருக்க வேண்டும்.

சாயங்காலம் பக்தவச்சலம் ஏறினான். ஏழாம் நாளிலிருந்து நாங்கள் புருஷன் பெண்டாட்டியாக இருந்தோம் என்று சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு சொன்னான். சாமிநாதன் சார் எழுந்தார். அம்மாவுக்குக் கொள்ளி வைத்தது யார் என்று கேட்டார். நான்தான், ஒரே மகன் என்றான். மொட்டை போட்டீர்களா? போட்டேன். பதினாறு நாளும் செருப்புப் போட்டீர்களா, பாயில் படுத்தீர்களா? கிடையாது, வெறுந்தரை, ஒருவேளைச் சோறு, முறைப்படி இருந்தேன், ஊரைக் கேளுங்கள் என்று நிமிர்ந்து சொன்னான். அம்மா விளக்கு எங்கே எரிந்தது? கூடத்தில். அந்த விளக்கு எரிகிற கூடத்தில், கொள்ளி வைத்த தீட்டோடு, ஏழாம் நாள் மனைவியைத் தொட்டீர்களா?

அவன் தன் வக்கீலைப் பார்த்தான். வக்கீல் ஃபைலைப் பார்த்தார்.

"அந்தத் தீட்டெல்லாம் நான் பாக்கறது இல்லீங்க. அது மூடநம்பிக்கை."

ஆடி மாசம் கூழ் ஊற்றுகிறவன். செவ்வாய்க்கிழமை முடி வெட்டாதவன். பூனை குறுக்கே போனால் ஷாப்புக்கே லேட்டாகப் போகிறவன். நெற்றியில் அன்றைக்கும் குங்குமம். ஒரு பெண்பிள்ளையைப் பிடித்து வைக்க அரை நிமிஷத்தில் பகுத்தறிவு வந்துவிட்டது. நான் வாய்விட்டே சிரித்துவிட்டேன். கோர்ட் டவாலி என்னை முறைத்தான்.

மறுநாள் அவன் பக்கத்துச் சாட்சி, அக்கா செல்லம்மாள். சாட்சிகளை முறை வரும்வரை வெளியே உட்காரவைத்துவிடுவார்கள் என்பதால் தம்பி உள்ளே என்ன சொன்னான் என்று அவளுக்குத் தெரியாது. தம்பியும் அவளிடம் சொல்லவில்லை. சொல்லியிருக்கவும் முடியாது. பூங்காவனத்தின் மேல் அவளுக்குப் பிரியம் ஒன்றும் கிடையாது, தம்பி வாழ்க்கையைக் கெடுத்தவள் என்கிற எண்ணம்தான்; அதனால்தான் பூங்காவனமும் இவள் பேரைச் சாட்சிக்குச் சொல்லவில்லை. சொல்லிக்கொடுத்தபடி, ஆமாம், பதினாறு நாள் எங்கள் வீட்டில் புருஷனோடு இருந்தாள் என்று சொன்னாள். சாமிநாதன் சார் முதல் நாள் வாக்குமூலத்தை எடுத்து, உங்கள் தம்பி ஏழாம் நாளிலிருந்து இவளோடு உறவு வைத்துக்கொண்டதாகச் சொல்லியிருக்கிறார், அது உண்மைதானா என்று கேட்டார். அந்த அம்மாளுக்கு முதலில் புரியவில்லை. ரெண்டாவது தடவை கேட்டதும் புரிந்தது. முகம் ரத்தம் வற்றி வெளுத்துவிட்டது. திரும்பித் தம்பியைப் பார்த்தாள். அவன் தலையைக் குனிந்துகொண்டான்.

"அவன் அப்பிடியா சொன்னான்?" என்றாள். ஜட்ஜ் பதில் சொல்லும்படி சொன்னார்.

"பொய்யிங்க. நான் இவளுக்காகச் சொல்லல. இவ திமிரு புடிச்சவ, அது வேற. கூடத்துல நடுவுல எங்கம்மா வெளக்கு. அந்தாண்ட வெறுந்தரையில அவன். இந்தாண்ட நானும் இவளும். எங்கம்மா செத்த எடம், எனக்குப் பயமா இருந்துச்சு, பதினாறு நாளும் இவ கையைப் புடிச்சிக்கினுதான் படுத்திருந்தேன். பெத்தவ வெளக்குக்கு முன்னாடி அந்த அசிங்கம் நடந்துச்சுன்னு நான் சொல்ல மாட்டேன். அவன் சொன்னா அவன் மனுஷனே இல்ல."

அதற்கு மேல் அவன் வக்கீல் எதுவும் கேட்கவில்லை. செல்லம்மாள் கூண்டிலிருந்து இறங்கி, தம்பி பக்கமும் பார்க்காமல், பூங்காவனம் பக்கமும் பார்க்காமல், முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே போய்விட்டாள்.

ரெண்டு வாரத்தில் தீர்ப்பு வந்தது. விவாகரத்து கொடுத்துவிட்டார்கள். சாமிநாதன் சார் என் முதுகில் தட்டினார். நான் நகல் வாங்கிக்கொண்டு வெளியே வந்தபோது பூங்காவனம் வராந்தாத் தூணோரம் நின்றிருந்தாள். ஜெயித்துவிட்டோம் என்றேன். அவள் சிரிக்கவில்லை. நான் சொன்னதைப் பற்றி ஜட்ஜ் ஐயா என்ன எழுதியிருக்கிறார், அதை மட்டும் படியுங்கள் என்றாள். வேண்டாம், முடிவுதான் முக்கியம் என்று சொல்லிப் பார்த்தேன். விடவில்லை.

படித்தேன். மனுதாரரின் வாய்மொழியை மட்டும் கொண்டு இந்தக் கோர்ட் எந்த முடிவுக்கும் வர இயலாது. ஆயினும் எதிர்மனுதாரரின் சொந்தச் சகோதரியே தம்பிக்கு எதிராகச் சொல்லியிருப்பதாலும், கொள்ளி வைத்த மகன் தாயின் தீட்டுக் காலத்தில் அவ்வாறு நடந்துகொள்வான் என்று இந்தச் சமூகத்தில் யாரும் நம்ப மாட்டார்கள் என்பதாலும், எதிர்மனுதாரர் கூற்று நிராகரிக்கப்படுகிறது.

அவள் ரெண்டாவது தடவை படிக்கச் சொன்னாள். அதையும் படித்தேன்.

"அப்ப நான் சொன்னதுக்காக இல்ல" என்றாள். "நான் ரெண்டு கேஸ்லயும் கூண்டுல ஏறி நின்னு சொன்னேன். விரலு கதை எடுபடல. தொடலன்னு சொன்னது எடுபடல. செத்தவ மானத்துக்காக என்னை வுட்டுட்டாங்க. அந்தம்மா சாவலன்னா நான் இன்னும் அவன் பொண்டாட்டிதான், இல்லையா சார்? உயிரோட இருக்கறவளுக்கு மானம் கெடையாதா?"

ஜெயித்த கட்சிக்காரி இவ்வளவு கோபமாகப் பேசி நான் பார்த்ததில்லை. பக்கத்தில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். நான் நகலை மடித்து அவள் கையில் கொடுத்தேன். அவள் முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை. விசாரணைக்கு முன்னால், பதில் மனுவை எங்கள் ஆபீஸில் வைத்து நான் படித்துக் காட்டியபோது, ஐயோ, அவன் என்னைத் தொடவே இல்லை சார் என்று அவள் பதறிக்கொண்டு சொன்னாள். அதற்குச் சாட்சி யார் என்று அவளை முதன்முதலில் கேட்டது ஜட்ஜ் இல்லை, நான்.